யூரிட்டர் கல்லுக்கு லேசர் சிகிச்சை: வாசகர் கேள்விகளும் மருத்துவர் பதில்களும்

சிறுநீர் வழியாகவே மெல்லிய கருவியைச் செலுத்திச் சிறுநீரகக் கல்லை உடைக்கும் யூரிடரோஸ்கோபி சிகிச்சையைப் பற்றி வந்த கடிதங்களில், பலருக்கும் பயன்படக்கூடிய ஐந்தை இந்த இதழில் எடுத்துக்கொண்டிருக்கிறேன். எழுதியவர்களின் பெயர்களை விடுத்து ஊரை மட்டும் குறிப்பிட்டுள்ளேன். கடிதத்தைப் படித்து எழுதும் பதில், நேரில் பரிசோதித்த மருத்துவரின் முடிவுக்கு மாற்றாகாது என்பதை நினைவில் வைத்துக்கொண்டு படிக்க வேண்டுகிறேன்.

கேள்வி: எனக்கு வயது 38. இடது பக்கம் தாங்க முடியாத வலி வந்து ஸ்கேன் எடுத்ததில், சிறுநீர்ப்பைக்குச் சற்று மேலே 8 மி.மீ. கல் இருப்பதாகச் சொன்னார்கள். இரண்டு வாரத்தில் வலி அடியோடு நின்றுவிட்டது. மருத்துவர் லேசர் வைத்து எடுக்க வேண்டும் என்கிறார். வீட்டிலோ வாழைத்தண்டுச் சாறு போதும் என்கிறார்கள். என்ன செய்வது? (வாசகர், சிவகாசி)

பதில்: வலி நின்றதை மட்டும் வைத்துக் கல் போய்விட்டது என்று முடிவு செய்துவிடாதீர்கள். அடைபட்ட சிறுநீரகத்துக்குள் அழுத்தம் ஏறும்போதுதான் அந்தப் பொறுக்க முடியாத வலி வருகிறது. அடைப்பு நீடித்தால் அந்தச் சிறுநீரகம் சிறுநீர் சுரப்பதைப் படிப்படியாகக் குறைத்துக்கொள்ளும், அழுத்தம் இறங்கும், வலியும் அடங்கும், கல் மட்டும் இருந்த இடத்திலேயே இருக்கும். இப்படி மாதக்கணக்கில் வலியே இல்லாமல் இருந்துவிட்டு, ஒரு பக்கச் சிறுநீரகம் செயலிழந்த பிறகு வருகிறவர்களைச் சிறுநீரியல் துறையில் வேலை செய்யும் எல்லோரும் பார்த்திருப்பார்கள்.

சிறுநீரகத்திலிருந்து சிறுநீர்ப்பைக்கு இறங்கும் யூரிட்டர் என்ற குழாய் பெரியவர்களுக்கு ஏறத்தாழ 25 செ.மீ. நீளமும் 3 முதல் 4 மி.மீ. உள்விட்டமும் உடையது. சிறுநீரகத்தை விட்டு இறங்கும் இடம், இடுப்பில் பெரிய இரத்தக் குழாய்களைத் தாண்டும் இடம், சிறுநீர்ப்பைக்குள் நுழையும் இடம் ஆகிய மூன்றிலும் அது மேலும் குறுகுகிறது. 5 மி.மீ. வரையுள்ள கற்களில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு தாமாகவே வெளியேறிவிடும்; 5 முதல் 10 மி.மீ. வரையுள்ளவற்றில் பாதிதான் வெளியேறும். உங்களுடையது இரண்டாம் வகை என்றாலும் கீழ்ப்பகுதிக்கு இறங்கிவிட்ட கல் என்பதால் வாய்ப்பே இல்லை என்று சொல்ல முடியாது. காய்ச்சல் இல்லாமல், இரத்தத்தில் கிரியாட்டினின் (சிறுநீரகம் வடிகட்டி வெளியேற்ற வேண்டிய கழிவு) அளவு சரியாக இருந்து, மறு சிறுநீரகமும் நன்றாக இருந்தால், மருத்துவரின் கண்காணிப்பில் யூரிட்டரைத் தளர்த்தும் டாம்சுலோசின் மாத்திரையுடன் வலி தொடங்கிய நாளிலிருந்து மொத்தம் நான்கு முதல் ஆறு வாரம் வரை காத்திருக்கலாம். அதற்கு மேல் காத்திருப்பது சிறுநீரகத்துக்கு நல்லதல்ல. நடுவில் குளிர்க்காய்ச்சல் வந்தால் அந்த நிமிடமே காத்திருப்பு முடிந்தது. அடைபட்ட சிறுநீரகத்தில் கிருமித் தொற்று சேர்ந்தால் அது உயிருக்கே ஆபத்து.

வாழைத்தண்டுச் சாறு நீராகாரம் என்ற அளவில் குடிக்கத்தக்கதுதான். மருந்தால் நன்றாகக் கரையக்கூடியது பெரும்பாலும் யூரிக் அமிலக் கல்தான். நம்மில் பெரும்பாலோருக்கு வரும் கால்சியம் ஆக்சலேட் கல்லைக் கரைக்கும் சாறோ மாத்திரையோ கிடையாது. ஆகவே சாற்றைக் குடியுங்கள், ஆனால் மறு ஸ்கேன் தேதியைத் தவறவிடாதீர்கள்.

யூரிடரோஸ்கோபி என்பது உடம்பில் எங்கும் கீறாமல், சிறுநீர் வெளியேறும் வழியாகவே 2 முதல் 3 மி.மீ. தடிமனுள்ள தொலைநோக்கியைச் சிறுநீர்ப்பைக்குள் செலுத்தி, அங்கிருந்து யூரிட்டரின் வாய்க்குள் நுழைந்து கல்லை நேரில் பார்த்து உடைக்கும் முறை. முதலில் ஒரு மெல்லிய வழிகாட்டிக் கம்பி கல்லைத் தாண்டிச் சிறுநீரகம் வரை போகும். அதன் துணையோடு கருவி செல்லும். திரையில் இளஞ்சிவப்புச் சுவருக்கு நடுவே மஞ்சளும் பழுப்புமாகக் கல் தெரியும்போது, தலைமுடியைவிடச் சில மடங்கு தடித்த இழையைக் கல்லின் மேல் வைத்து ஹோல்மியம் லேசரைச் செலுத்துவோம். இந்த லேசரின் ஆற்றலைத் தண்ணீர் உடனே உறிஞ்சிவிடுவதால், அரை மில்லிமீட்டருக்கு அப்பால் அதன் தாக்கம் ஏறக்குறைய இல்லை; கல் பொடியாகும்போது பக்கத்துச் சுவர் தப்புவது இதனால்தான். யூரிட்டரின் கீழ்ப்பகுதிக்கு வளையாத கருவியே போதும். சிறுநீரகத்துக்குள் இருக்கும் கல்லுக்குத்தான் நுனி வளையும் கருவி தேவைப்படும், மருத்துவமனைகளில் ஆர்.ஐ.ஆர்.எஸ். என்று சொல்வது அதைத்தான்.

கேள்வி: என் அம்மாவுக்கு 62 வயது, சர்க்கரை நோய் இருக்கிறது. ஒன்றரை வருடத்துக்கு முன் இதயத்தில் ஸ்டென்ட் வைத்ததால், இரத்தம் கட்டாமல் தடுக்கும் குளோபிடோகிரல் மாத்திரை சாப்பிடுகிறார். வலது சிறுநீரகத்தில் 14 மி.மீ. கல்லுக்கு ஆர்.ஐ.ஆர்.எஸ். செய்யச் சொல்லியிருக்கிறார்கள். முதுகில் ஊசி போட்டால் ஆயுள் முழுக்க முதுகுவலி என்று அக்கம்பக்கத்தில் பயமுறுத்துகிறார்கள். முழு மயக்கம் கொடுத்தால் இதயம் தாங்குமா என்று எங்களுக்குப் பயம். எதைத் தேர்ந்தெடுப்பது? (வாசகி, தூத்துக்குடி)

பதில்: இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டிய இடம் மயக்கவியல் மருத்துவர். பெரும்பாலான குடும்பங்கள் அறுவை செய்பவரிடம் ஒரு மணி நேரம் பேசிவிட்டு, மயக்க மருந்து கொடுப்பவரைத் தியேட்டர் வாசலில்தான் முதன்முதலாகப் பார்க்கின்றன. இந்தச் சிகிச்சையைப் பொறுத்தவரை, உங்கள் அம்மாவைப் போன்றவருக்கு லேசர் எந்த வகை என்பதைவிட மயக்கம் எந்த வகை என்பதே பெரிய முடிவு. எனவே ஒரு வாரத்துக்கு முன்பே அந்த மருத்துவரைச் சந்திக்க நேரம் கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை.

முதுகில் ஊசி என்று நாம் சொல்லும் ஸ்பைனல் மயக்கத்தில் நடப்பது இதுதான். நோயாளியை மேசை ஓரத்தில் உட்கார வைத்து, தாடையை மார்பில் பதித்து முதுகை வளைக்கச் சொல்வார்கள். தோலை மரத்துப்போகச் செய்த பிறகு, இடுப்பு எலும்பின் உச்சிக்கு நேரே உள்ள முள்ளெலும்பு இடைவெளியில் மிக மெல்லிய ஊசியைச் செலுத்துவார்கள். தண்டுவடம் அதற்கு மேலேயே முடிந்துவிடுவதால் ஊசி அதைத் தொடுவதில்லை. கண்ணாடி போன்ற நீர் துளித்துளியாக வந்ததும், மரத்துப்போகச் செய்யும் புபிவாகைன் மருந்தை இரண்டு மூன்று மில்லி உள்ளே செலுத்துவார்கள். சில நொடிகளில் கால்கள் கதகதப்பாகி, பிறகு கனத்து, அசைக்க வராமல் போகும். ஸ்பிரிட் நனைத்த பஞ்சைத் தொடையிலிருந்து மேல்நோக்கித் தொட்டுக்கொண்டே போய், குளிர்ச்சி எந்த இடத்தில் தெரிகிறது என்று கேட்பார்கள். தொப்புள் வரை குளிர்ச்சி தெரியாவிட்டால் யூரிட்டரின் கீழ்ப்பகுதிக் கல்லுக்குப் போதும். சிறுநீரகத்துக்குள் வேலை செய்வதாக இருந்தால் அதற்கும் மேலே விலா எலும்பு வரை மரத்திருக்க வேண்டும். அவ்வளவு உயரத்துக்கு ஏறும்போது இரத்த அழுத்தம் கூடுதலாக இறங்கக்கூடும் என்பது இதய நோயாளிகளுக்கு முக்கியமான விஷயம்.

முதுகுவலியைப் பற்றிய பயம் தேவையில்லை. ஊசி குத்திய இடத்தில் சில நாட்கள் வலி இருக்கலாம். அதற்கு மேல் நீடிக்கும் முதுகுவலிக்கு ஸ்பைனல் ஊசி காரணம் என்பதற்கு ஆதாரம் இல்லை. பிரசவ அறுவைக்குப் பிறகு வரும் முதுகுவலிக்கெல்லாம் ஊசியின் மேல் பழி போடும் வழக்கத்திலிருந்து இந்த நம்பிக்கை வந்திருக்கலாம் என்பது என் ஊகம். உண்மையில் கவனிக்க வேண்டியது வேறு: எழுந்து உட்கார்ந்தால் கூடி, படுத்தால் குறையும் தலைவலி சிலருக்கு வரும், மெல்லிய ஊசிகள் வந்த பிறகு அது குறைந்துவிட்டது; சிலருக்குச் சில மணி நேரம் சிறுநீர் பிரியாமல் குழாய் வைக்க வேண்டியிருக்கும்.

முழு மயக்கத்தின் சாதகம், சிறுநீரகம் அசைவதை ஓரளவு கட்டுப்படுத்த முடிவது. நாம் மூச்சு விடும்போதெல்லாம் உதரவிதானத்தோடு சேர்ந்து சிறுநீரகமும் மேலும் கீழும் நகர்கிறது. ஸ்பைனலில் விழித்திருக்கும் நோயாளி ஒருமுறை ஆழமாக மூச்சிழுத்தாலோ இருமினாலோ, லேசர் இழையின் முன்னிருந்த கல் நகர்ந்துவிடும். முழு மயக்கத்தில் மூச்சுக் குழாயையோ, குரல்வளை மேல் பொருந்தும் முகமூடிக் குழாயையோ வைத்துச் சுவாசத்தை இயந்திரம் நடத்துவதால், மயக்கவியல் மருத்துவர் மூச்சின் அளவைக் குறைத்துக் கொடுக்கலாம். நுணுக்கமான கட்டத்தில் சில நொடிகள் நிறுத்தியும் தரலாம். அதனால் வளையும் கருவியால் சிறுநீரகத்துக்குள் செய்யும் நீண்ட வேலைக்குப் பலரும் முழு மயக்கத்தையே விரும்புகிறார்கள். ஸ்பைனலில் இதைச் செய்து நல்ல பலன் காண்பவர்களும் உண்டு. நாள்பட்ட நுரையீரல் நோய் உள்ளவருக்கு அதுவே பொருத்தமாகவும் இருக்கும்.

உங்கள் அம்மாவின் விஷயத்தில் முடிவைத் தீர்மானிக்கப்போவது குளோபிடோகிரல். அந்த மருந்து உடலில் இருக்கும்போது ஸ்பைனல் போட்டால் முதுகெலும்புக் குழலுக்குள் இரத்தம் கட்டிக் கால்கள் செயலிழக்கும் ஆபத்து இருப்பதால், ஐந்து முதல் ஏழு நாட்களுக்கு முன்பே அதை நிறுத்தியிருக்க வேண்டும். ஆனால் இதயத்தில் ஸ்டென்ட் உள்ளவர் அதைத் தாமாக நிறுத்தினால் ஸ்டென்ட்டே அடைத்துக்கொள்ளலாம். நிறுத்தலாமா என்பதை இதய மருத்துவர் மட்டுமே சொல்ல வேண்டும், எழுத்தில் சொல்ல வேண்டும். நிறுத்தக் கூடாது என்று அவர் சொன்னால் முழு மயக்கமே வழி. கல் சிகிச்சைகளில் யூரிடரோஸ்கோபிக்கு உள்ள தனிச் சிறப்பும் இதில்தான் இருக்கிறது: வெளியிலிருந்து அதிர்வலை கொடுக்கும் முறையையும் முதுகில் துளையிட்டு எடுக்கும் முறையையும் இரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்துகளோடு செய்யக் கூடாது, இதை மட்டும், தவிர்க்க முடியாத நிலையில் மருந்தை நிறுத்தாமலே செய்யலாம். உங்கள் மருத்துவர் இந்த முறையைத் தேர்ந்தெடுத்ததற்கு அதுவே காரணமாக இருக்கக்கூடும்.

சர்க்கரைக்கு அம்மா டாபாகிளிஃப்ளோசின் வகை மாத்திரை எடுத்துக்கொண்டால் அதையும் மறவாமல் சொல்லுங்கள். சர்க்கரை அளவு சாதாரணமாக இருக்கும்போதே இரத்தத்தில் அமிலம் கூடும் ஆபத்து இருப்பதால், அறுவைக்கு மூன்று நாட்களுக்கு முன் நிறுத்துவது வழக்கம். உணவை ஆறு மணி நேரத்துக்கு முன்பும் வெறும் தண்ணீரை இரண்டு மணி நேரத்துக்கு முன்பும் நிறுத்தினால் போதும். முந்தின இரவிலிருந்தே தண்ணீர்கூடக் கொடுக்காமல் காயப்போட வேண்டியதில்லை.

கேள்வி: தம்பிக்கு லேசர் சிகிச்சை என்று அழைத்துப்போய், "வழி குறுகலாக இருக்கிறது" என்று கல்லை எடுக்காமல் டியூபை மட்டும் வைத்து அனுப்பிவிட்டார்கள். இரண்டு வாரம் கழித்து மறுபடி வரச் சொல்கிறார்கள். இது பணம் பறிக்கும் வேலையா? (வாசகர், ஈரோடு)

பதில்: உங்கள் கோபம் புரிகிறது, ஆனால் கடிதத்தில் உள்ளதை வைத்துப் பார்த்தால் அந்த மருத்துவர் செய்தது சரியான காரியம் என்றே சொல்வேன். யூரிட்டர் எல்லோருக்கும் ஒரே அகலத்தில் இருப்பதில்லை. முன்பு கல் இறங்கியே இராத இளைஞர்களுக்குச் சில சமயம் கருவி நுழைய மறுக்கும். அப்போது டி.ஜே. ஸ்டென்ட் என்ற மென்மையான டியூபை வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டால், ஒன்றிரண்டு வாரத்தில் குழாய் தானாகத் தளர்ந்து அகன்றுவிடும். அடுத்த முறை கருவி தடையில்லாமல் ஏறும். இடையில் சிறுநீரும் அடைபடாது.

அன்றே முடித்துவிட வேண்டும் என்று பலவந்தமாகத் தள்ளினாலோ, உடைக்காத பெரிய கல்லைக் கம்பிக் கூடையில் பிடித்து இழுத்தாலோ என்ன ஆகும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். குழாயின் சுவரில் ஓட்டை விழலாம்; பின்னாளில் அந்த இடம் தழும்பாகச் சுருங்கிச் சிறுநீரகத்தையே கெடுக்கலாம்; மிக அரிதாக, ஈரச் சட்டையின் கை உருவிக்கொண்டு வருவதுபோல யூரிட்டரே பிய்ந்து கருவியோடு வந்துவிடும். அப்படி நேர்ந்தால் குடலை வைத்துக் குழாய் செய்வதோ சிறுநீரகத்தை இடம் மாற்றி வைப்பதோ சிறுநீரகத்தை எடுத்துவிடுவதோதான் வழி. சிறுநீரில் சீழ் தெரிந்தாலும் இதேதான்: கல்லைத் தொடாமல் டியூபை வைத்துவிட்டு, கிருமி அடங்கிய பிறகு கல்லுக்கு வருவதே முறை. ஒன்று மட்டும் நியாயமான குறை: இப்படி இரண்டு கட்டமாகலாம் என்பதை ஒப்புதல் படிவத்தில் கையெழுத்து வாங்குவதற்கு முன்பே உங்களுக்குச் சொல்லியிருக்க வேண்டும், செலவு விவரத்தோடு.

கேள்வி: அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் அறுவைக்குத் தேதி கொடுத்திருக்கிறார்கள். படிக்கும் மருத்துவர்கள் என்மேல் பழகுவார்களோ என்று தயக்கமாக இருக்கிறது. தனியாரிடம் போய்விடலாமா? (வாசகர், மதுரை)

பதில்: நீங்கள் மாணவர் என்று நினைப்பவர் யார் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். எம்.பி.பி.எஸ். ஐந்தரை ஆண்டு, பொது அறுவையில் எம்.எஸ். மூன்று ஆண்டு, அதன்பின் தனி நுழைவுத் தேர்வெழுதிச் சிறுநீரியலில் எம்.சி.எச். மூன்று ஆண்டு என்று பதினொன்றரை ஆண்டுகள் ஓடுகின்றன. தேசியத் தேர்வு வாரியத்தின் டி.ஆர்.என்.பி. படிப்பு வழியாக வருகிறவர்களின் நிலையும் ஏறத்தாழ இதுதான். ஆகவே தியேட்டரில் கருவியைப் பிடிக்கும் 'மாணவர்', வயிற்றைத் திறந்து குடல் அறுவை செய்யத் தகுதி பெற்ற, முப்பது வயதை ஒட்டிய அறுவை மருத்துவராக இருப்பார்.

இந்தச் சிகிச்சையே வயதில் இளையது. 1912-இல் அமெரிக்காவில் ஹியூ ஹாம்ப்டன் யங், பிறவி அடைப்பால் யூரிட்டர் வீங்கிப் பெருத்திருந்த ஒரு குழந்தைக்குள் சிறுநீர்ப்பைக் கருவியைச் செலுத்திச் சிறுநீரகம் வரை பார்த்தார். சாதாரண அகலமுள்ள குழாய்க்குள் சிறுநீரகம் வரை எட்டும் நீளமான கருவியை ஸ்பெயின் நாட்டு மருத்துவர் பெரெஸ் காஸ்த்ரோ உருவாக்கிப் பயன்படுத்தியது 1980 வாக்கில்தான். அந்தக் காலத்தில் கருவியின் முனையில் கண்ணை வைத்துப் பார்ப்பவருக்கு மட்டுமே உள்ளே நடப்பது தெரியும். பக்கத்தில் நிற்கும் ஆசிரியர், மாணவர் வாயால் சொல்வதை நம்பித்தான் வழிநடத்த வேண்டும். இன்று கேமராவின் படம் பெரிய திரையில் எல்லோருக்கும் தெரிகிறது. மாணவரின் கை ஒரு மில்லிமீட்டர் தவறான பக்கம் போனாலும் ஆசிரியர் அதே நொடியில் பார்த்துவிடுகிறார், "நிறுத்து" என்ற ஒரு சொல்லோடு கருவியை வாங்கிக்கொள்கிறார். திறந்த அறுவையைவிட இதில் கற்பிப்பது பாதுகாப்பானது என்று நான் நினைப்பதற்கு இதுதான் காரணம்.

பயிற்சியும் படிப்படியாகத்தான் நடக்கிறது. முதலில் சிறுநீர்ப்பையைப் பார்ப்பது, வழிகாட்டிக் கம்பியை ஏற்றுவது, டியூப் வைப்பது, எடுப்பது. பிறகு யூரிட்டரின் கீழ்ப்பகுதிக் கல். அதில் கை தேர்ந்த பின்பே மேல்பகுதி. கடைசியாகச் சிறுநீரகத்துக்குள் வளையும் கருவி. இதற்கு முன்னும் நடுவிலும் செயற்கை மாதிரிகளிலும், பன்றியின் சிறுநீரகங்களிலும், கணினித் திரையில் இயங்கும் பயிற்சிக் கருவிகளிலும் பழகும் வசதி இப்போது வந்திருக்கிறது. எல்லாக் கல்லூரிகளுக்கும் அது போதிய அளவில் கிடைத்துவிட்டதாகச் சொல்ல மாட்டேன். மாதிரியில் கை ஓட்டத்தைக் கற்றுக்கொள்ளலாம். எதிர்ப்பு தெரிந்தால் அதற்கு மேல் தள்ளாமல் நிற்க வேண்டும் என்பதை மட்டும் மூத்தவர் ஒருவர் பக்கத்தில் நின்று நிற்கச் சொல்லும்போதுதான் கற்றுக்கொள்ள முடிகிறது. ஈரோட்டு வாசகருக்கு எழுதிய பதிலில் இருந்த மருத்துவர் அதை எங்கோ நன்றாகக் கற்றவர்.

தனியாருக்குப் போவது உங்கள் விருப்பம். அங்கும் இங்கும் கேட்க வேண்டிய கேள்விகள் ஒன்றே: கருவியைப் பிடிப்பவர் யார், மூத்த மருத்துவர் தொடக்கம் முதல் முடிவு வரை தியேட்டரில் இருப்பாரா, அறுவைக்கு முன் என் சிறுநீரில் கிருமி இருக்கிறதா என்று கல்ச்சர் பார்த்தாயிற்றா, கருவி ஏறாவிட்டால் என்ன செய்வீர்கள்? கடைசிக் கேள்விக்குத் தயங்காமல் பதில் சொல்கிறவரிடம் நம்பிப் படுக்கலாம்.

கேள்வி: நான் லாரி ஓட்டுநர். கல் எடுத்து டியூப் வைத்திருக்கிறார்கள். சிறுநீர் கழிக்கும்போது இடுப்பு வரை இழுக்கிறது, சிறுநீர் சிவப்பாகப் போகிறது. வடமாநில லோடு காத்திருக்கிறது. எப்போது வண்டி எடுக்கலாம்? (வாசகர், நாமக்கல்)

பதில்: டியூபின் ஒரு முனை சிறுநீரகத்திலும் மறுமுனை சிறுநீர்ப்பையிலும் சுருண்டு கிடப்பதால், அடிக்கடி சிறுநீர் வரும் உணர்வும், கழிக்கும்போது விலாப்பக்கம் இழுப்பதும், வேலை செய்த நாளில் சிறுநீர் சிவப்பதும் டியூப் இருக்கும்வரை இருக்கும். பயப்பட வேண்டாம், தண்ணீர் நிறையக் குடியுங்கள், தொல்லை அதிகமானால் டாம்சுலோசின் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். கட்டி கட்டியாக இரத்தம் வந்தாலோ, சிறுநீர் நின்றாலோ, குளிர்க்காய்ச்சல் அடித்தாலோ அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

கல் சிக்கலில்லாமல் எடுக்கப்பட்டிருந்தால் டியூபை ஒன்று முதல் இரண்டு வாரத்தில் எடுத்துவிடுவார்கள். அது சில நிமிட வேலை, பெரும்பாலும் மரத்துப்போகச் செய்யும் ஜெல் மட்டுமே போதும். அதுவரை நீண்ட தூர லோடு எடுக்காமலிருப்பது நல்லது. குலுங்குவதால் இரத்தம் கூடும் என்பது சிறிய காரணம். பெரிய காரணம், வண்டியில் ஏறிவிட்டால் டியூப் எடுக்கும் தேதி மறந்துபோகும் என்பது. மூன்று மாதத்துக்கு மேல் உள்ளே கிடக்கும் டியூபின் மேலேயே கல் படிந்து இறுகி, அதை எடுக்கப் புதிதாக ஒன்றிரண்டு அறுவைகள் தேவைப்பட்டவர்கள் இருக்கிறார்கள். டிஸ்சார்ஜ் சீட்டில் டியூப் வைத்திருப்பதாக எழுதியிருக்கிறதா என்று இன்றே பாருங்கள். எடுக்கும் தேதியை அதில் குறித்து வாங்கி, உங்கள் முதலாளிக்கும் வீட்டுக்கும் சொல்லிவையுங்கள். டியூப் எடுத்த ஓரிரு நாளில் வண்டி எடுக்கலாம். ஒரு மாதம் கழித்து ஒரு ஸ்கேன் எடுத்து, துண்டு ஏதும் மிஞ்சவில்லை, சிறுநீரக வீக்கமும் வற்றிவிட்டது என்று உறுதி செய்துகொள்ளுங்கள்.